அத்தியாயம் 6: சாம்சங் கேமிங் ஹப் – காசும் சூடும் கை மீறாமல் விளையாட

இந்த அத்தியாயத்தைப் போனைக் கையில் வைத்துக்கொண்டு படியுங்கள். படித்து முடித்தபின் செய்யலாம் என்று தள்ளினால் பாதி மறந்துவிடும்.

சாம்சங் கேலக்ஸி போனை வாங்கும்போதே விளையாட்டுக்கென்று இரண்டு செயலிகள் உள்ளே வந்துவிடுகின்றன. ஒன்று, போனில் உள்ள கேம்களையெல்லாம் ஒரே இடத்தில் சேர்த்துக் காட்டும் கேம் லாஞ்சர். 2016-இல் கேலக்ஸி எஸ்7 வரிசையோடு அறிமுகமானது. புதிய போன்களில் இதற்குக் கேமிங் ஹப் என்று பெயர். மற்றொன்று, ஆட்டம் ஓடும்போது மட்டும் தலைகாட்டும் கேம் பூஸ்டர்.

இரண்டும் இலவசம். மாதச் சந்தாவும் கிடையாது, காசு கட்டித் திறக்கும் தனி வசதியும் கிடையாது. ‘கேம் பூஸ்டர் புரோ’ என்ற மாதிரிப் பெயரில் ஏதாவது ஒன்று உங்களிடம் பணம் கேட்டால், அது போனோடு வந்தது அல்ல, நீக்கிவிடுங்கள்.

அப்படியானால் செலவு எங்கே வருகிறது? கேமுக்குள் வாங்கும் பொருள்களில் வருகிறது, டேட்டாவில் வருகிறது, பேட்டரி தேய்வதில் வருகிறது. கடைசியாகச் சொன்னதை யாரும் கணக்கில் எடுப்பதில்லை. ஆனால் இரண்டு வருடத்தில் பேட்டரி மாற்றப் போகும்போது அந்தக் கணக்கும் ரூபாயாகத்தான் வந்து நிற்கிறது.

பூஸ்டர் என்ற பெயரைப் பார்த்து, அதைத் தட்டினால் போனுக்குப் புதுப் பலம் வந்துவிடும் என்று நினைப்பவர்கள் நிறைய. போனில் இருக்கும் சக்தி இருப்பதுதான். அதை வேகத்துக்குக் கொடுப்பதா, சார்ஜ் நீடிக்கக் கொடுப்பதா என்று தீர்மானிக்கும் இடம் பூஸ்டர். வேகம் கேட்டால் சூடு கூடவே வரும். இதை மனதில் வைத்துக்கொண்டால் கீழே உள்ள ஒவ்வொரு படியும் ஏன் என்று தானாகப் புரியும்.

முதல் பத்து நிமிடம்: அடிப்படை அமைப்பு

மெனுப் பெயர்கள் உங்கள் போனில் ஓடும் சாம்சங் மென்பொருளான ஒன் யூஐயின் பதிப்பைப் பொறுத்துச் சற்று மாறும். ஒரு பெயர் கண்ணில் படவில்லையென்றால் செட்டிங்ஸின் மேலே உள்ள தேடல் கட்டத்தில் ‘கேம்’ என்பதை ஆங்கிலத்தில் தட்டுங்கள். சம்பந்தப்பட்டவை வரிசையாக வந்து நிற்கும்.

1. செட்டிங்ஸ் திறந்து ‘அட்வான்ஸ்டு ஃபீச்சர்ஸ்’ பகுதிக்குப் போங்கள். கேம் லாஞ்சர் அல்லது கேமிங் ஹப் என்று இருக்கும் சுவிட்சை ‘ஆன்’ செய்யுங்கள்.

2. செயலியைத் திறந்து, அதில் என்னென்ன கேம்கள் வந்திருக்கின்றன என்று பாருங்கள். ஏதாவது விடுபட்டிருந்தால், செயலியிலேயே கேம் சேர்க்கும் இடத்தில் போய்க் கையால் சேர்த்துவிடுங்கள். பட்டியலில் சேராத கேமுக்குப் பூஸ்டர் வராது. ‘என் போனில் பூஸ்டரே இல்லை’ என்பவர்கள் முதலில் பார்க்க வேண்டியது இதைத்தான்.

3. கேம்களின் ஐகான்கள் முகப்புத் திரையிலும் இருக்க வேண்டுமா, லாஞ்சருக்குள் மட்டும் இருந்தால் போதுமா என்று ஒரு தேர்வு உண்டு. பள்ளிப் பிள்ளை கையில் போகும் போன் என்றால் ‘லாஞ்சருக்குள் மட்டும்’ என்பது நல்லது. யூடியூப் பார்க்க எடுத்த போனில் கேம் ஐகான் கண்ணை இழுக்காது.

4. அதே செயலியின் செட்டிங்ஸில் விளம்பர அறிவிப்புகளை ‘ஆஃப்’ செய்யுங்கள். புதுக் கேம் வந்திருக்கிறது, சலுகை முடியப்போகிறது என்று தூண்டிக்கொண்டே இருக்கும் அறிவிப்புகள் இதோடு நிற்கும்.

5. திரையில் டெம்பர்டு கிளாஸ் ஒட்டியிருந்தால் செட்டிங்ஸ், டிஸ்பிளே போய் ‘டச் சென்சிட்டிவிட்டி’யை ஆன் செய்யுங்கள். தொட்டது பதியவில்லை என்று கேமைக் குறை சொல்லும் பலருக்கு உண்மையான காரணம் மேலே ஒட்டிய கண்ணாடிதான்.

ஆட்டத்தின் நடுவே பூஸ்டரை அழைப்பது

கேமைத் தொடங்குங்கள். திரையின் ஓரத்திலிருந்து விரலால் உள்நோக்கித் தள்ளினால் நேவிகேஷன் பட்டை வரும். அதன் ஒரு முனையில் கேம் பூஸ்டரின் சின்னம் இருக்கும். நீங்கள் பட்டன் இல்லாமல் ஸ்வைப் முறையில் போனை ஓட்டுபவர் என்றால், மேலிருந்து நோட்டிஃபிகேஷன் திரையை இழுங்கள்; அங்கே பூஸ்டர் ஒரு வரியாக நிற்கும். தட்டினால் பெட்டி விரியும். போனின் சூடும் பேட்டரி நிலவரமும் அங்கேயே தெரியும்.

உள்ளே இருப்பவற்றில் தினமும் உதவக்கூடியவை சிலதான்:

- நேவிகேஷன் பூட்டு: சண்டை நடுவே விரல் பட்டு ஹோம் திரைக்குப் போய்விடும் தொல்லையைத் தடுக்கும்.
- திரைப் பூட்டு: தொடுதல் எதுவும் பதியாமல் திரையைப் பூட்டிவைக்கும். தானே ஓடும் ஆட்டங்களுக்கு வசதி.
- பிரயாரிட்டி மோட்: அழைப்புகளையும் அறிவிப்புகளையும் நிறுத்திவைக்கும்.
- ரெகார்ட்: ஆட்டத்தைக் காணொளியாகப் பதியும்.

பிரயாரிட்டி மோட் விஷயத்தில் ஒன்றைக் கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். அது ஆனில் இருக்கும்போது அலாரம் அடிக்கும், ஆனால் சாதாரணத் தொலைபேசி அழைப்பு உங்களுக்கு வந்து சேராது. வீட்டில் உடம்பு முடியாதவர் இருந்தாலோ, வெளியே போனவர் கூப்பிடக்கூடும் என்றாலோ அதைத் தொடாதீர்கள். அறிவிப்பு மட்டும்தான் தொந்தரவு என்றால் அறிவிப்புகளை மட்டும் தனியாக நிறுத்தினால் போதும்.

ரெகார்ட் செய்யும்போது மைக் பதிவாகிறதா என்று முதலில் பாருங்கள். வீட்டில் பேசுவதெல்லாம் அந்தக் காணொளியில் ஏறிவிடும். வங்கியிலிருந்து வரும் ஓடிபி திரையில் தோன்றினால் அதுவும் பதிவாகும். யூடியூபில் ஏற்றும் முன் முழுவதையும் ஒருமுறை ஓட்டிப் பார்ப்பது அவசியம்.

மூன்று நிலைகளில் எதை வைப்பது?

கேம் ஆப்டிமைசேஷன் என்ற இடத்தில் மூன்று தேர்வுகள்: பெர்ஃபார்மன்ஸ், ஸ்டாண்டர்ட், பேட்டரி சேவர். பெரும்பாலோர் யோசிக்காமல் முதலாவதைத் தட்டுகிறார்கள். என் பரிந்துரை ஸ்டாண்டர்ட். லூடோ, கேண்டி கிரஷ், செஸ் போன்றவற்றுக்குப் பேட்டரி சேவரே தாராளம். பிஜிஎம்ஐ மாதிரியான துப்பாக்கி ஆட்டங்களில், அதுவும் போட்டி ஆட்டத்தில், பெர்ஃபார்மன்ஸுக்குப் போகலாம். ஒவ்வொரு கேமுக்கும் தனித்தனியாகவும் இதை வைக்க முடியும். அப்படி வைப்பதுதான் சரி.

இதற்கு முன்பே செய்ய வேண்டியது ஒன்று உண்டு. கேமின் சொந்த செட்டிங்ஸில் கிராஃபிக்ஸ் தரத்தை ஒரு படி இறக்குங்கள். நிழல், புல், தண்ணீர்ப் பிரதிபலிப்பு இவையெல்லாம்தான் போனை வதைக்கின்றன. தரத்தை இறக்கி, ஃபிரேம் ரேட்டை உயர்த்தி வைப்பதுதான் நிதானமாக ஆடுபவர்களின் வழக்கம். பூஸ்டரில் என்ன தட்டினாலும், கேம் தானே 60 ஃபிரேமுக்குமேல் தராது என்றால் உங்கள் 120 ஹெர்ட்ஸ் திரை சும்மாதான் இருக்கும்.

இன்னும் நுணுக்கமாக வேண்டுபவர்களுக்கு கேலக்ஸி ஸ்டோரில் ‘கேம் பூஸ்டர் பிளஸ்’, ‘பெர்ஃப் இசட்’ என்ற இரண்டு இலவச இணைப்புகள் உண்டு. முதலாவதில் ஒவ்வொரு கேமுக்கும் உச்ச ஃபிரேம் ரேட்டையும் ரெசல்யூஷனையும் கட்டுப்படுத்தலாம். இரண்டாவது, ஆட்டத்தின்போதே ஃபிரேம் எண்ணிக்கையையும் பிராசஸர் உழைப்பையும் திரையில் எழுதிக் காட்டும். ஒரு வாரம் பெர்ஃப் இசட்டைத் திறந்துவைத்து ஆடிப் பாருங்கள். எந்த செட்டிங்கை மாற்றினால் உண்மையில் என்ன மாறுகிறது என்று பிறர் சொல்லிக் கேட்க வேண்டியிராது.

போன் தன்னையே அடக்கிக்கொள்வது ஏன்?

2022 மார்ச்சில் இந்த விஷயம் பெரிய சர்ச்சையாக வெடித்தது. சாம்சங் போன்களுக்குள் கேம் ஆப்டிமைசிங் சர்வீஸ் என்று ஒன்று பின்னணியில் ஓடுகிறது. சூடு ஏறாமலிருக்க, கேம் ஓடும்போது பிராசஸரின் வேகத்தை அது குறைக்கிறது. அப்போது புதிதாக வந்திருந்த கேலக்ஸி எஸ்22 வாங்கியவர்கள் தென்கொரியாவில் இதைக் கண்டுபிடித்துக் கேள்வி எழுப்பினார்கள். வேகத்தை அளக்கும் கீக்பெஞ்ச் மாதிரியான செயலிகளை மட்டும் அந்தச் சேவை அடக்காமல் விட்டதுதான் கோபத்தைக் கிளப்பியது: சோதனையில் ஒரு வேகம், விளையாட்டில் வேறு வேகம். கீக்பெஞ்ச் தன் பட்டியலிலிருந்து எஸ்10, எஸ்20, எஸ்21, எஸ்22 வரிசைகளை நீக்கியது. அந்த மாதமே பங்குதாரர் கூட்டத்தில் துணைத் தலைவர் ஹான் ஜொங் ஹீ மன்னிப்புக் கேட்டார். முடிவைப் பயனரிடமே விடும் ஒரு மென்பொருள் புதுப்பிப்பும் வந்தது.

அந்த முடிவு இன்று உங்கள் கையில் இருக்கும் இடம்: கேம் பூஸ்டரின் செட்டிங்ஸில் ‘லேப்ஸ்’, அதற்குள் ‘ஆல்டர்நேட் கேம் பெர்ஃபார்மன்ஸ் மேனேஜ்மென்ட்’. ஆன் செய்தால், தொடக்கத்திலேயே வேகத்தைக் குறைப்பதைப் போன் கைவிடும். சூடு வரம்பைத் தொட்டால் அப்போதும் அடக்கவே செய்யும். பயனரிடம் சொல்லாமல் வேகத்தைக் குறைத்தது தவறு என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனாலும் நம் ஊர் வெயிலில் இந்த சுவிட்சை எப்போதும் ஆனில் வைக்கச் சொல்ல மாட்டேன். ஏசி அறையில், ஒரு முக்கியமான ஆட்டத்துக்கு, அரை மணி நேரம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

சூடும் சார்ஜரும்

இந்த அத்தியாயத்தில் ஒரே ஒரு பகுதியைத்தான் படிப்பீர்கள் என்றால் இதைப் படியுங்கள்.

கேலக்ஸி போன்களை 0 முதல் 35 டிகிரி செல்சியஸ் வரையுள்ள சூழலில் பயன்படுத்தச் சொல்கிறது சாம்சங். வேலூரிலும் திருச்சியிலும் மே மாத மதியம் 40-ஐத் தாண்டும். அதாவது, கேமைத் திறப்பதற்கு முன்பே போன் வரம்பைத் தாண்டிய சூழலில் இருக்கிறது.

பக்கத்து வீட்டில் பத்தாவது படிக்கும் பையன் கோடை விடுமுறையில் சார்ஜரைச் செருகியபடியே, மெத்தையில் கவிழ்ந்து படுத்து ஆடுவான். “டேய், போன் கொதிக்குதுடா, கழட்டி வை” என்று அவன் அம்மா சமையலறையிலிருந்து கத்துவார். “இரும்மா, கடைசி சர்க்கிள்” என்பான். ஒருநாள் அந்தப் போனை வாங்கிப் பார்த்தேன். கேமராவுக்குப் பக்கத்தில், சரியாக அவன் ஆள்காட்டி விரல் பதியும் இடம், விரலை வைத்திருக்க முடியாத அளவுக்குச் சுட்டது. திரை மங்கிப்போயிருந்தது, பிரைட்னஸ் கோட்டை முழுக்க இழுத்தும் வெளிச்சம் ஏறவில்லை. அவன் அதைத் திரைக் கோளாறு என்று நினைத்திருந்தான். போன் தன்னைக் காப்பாற்றிக்கொள்ளத் தானே வெளிச்சத்தைக் குறைத்திருந்தது.

சார்ஜ் ஏறுவதால் பேட்டரியில் ஒரு சூடு, கேம் ஓடுவதால் பிராசஸரில் ஒரு சூடு. இரண்டும் ஒரே நேரத்தில் சேரும்போதுதான் பேட்டரி வேகமாகத் தேய்கிறது. இதற்குக் கேம் பூஸ்டரிலேயே ஒரு நல்ல வழி இருக்கிறது: ‘பாஸ் யூஎஸ்பி பவர் டெலிவரி’. ஆன் செய்தால் சார்ஜரின் மின்சாரம் பேட்டரிக்குள் போகாமல் நேராகப் போனை ஓட்டும். எல்லா மாடலிலும் இது இல்லை. எஸ் வரிசையின் புதிய போன்களில் இருக்கும்.

1. 25 வாட் அல்லது அதற்குமேல் உள்ள, பவர் டெலிவரி ஆதரவுள்ள சார்ஜரை எடுங்கள். கேபிளின் இரு முனையும் டைப்-சி ஆக இருக்க வேண்டும். ஒரு முனை அகலமான பழைய யூஎஸ்பி என்றால் வேலை செய்யாது.

2. பேட்டரி 20 சதவீதத்துக்குமேல் இருக்கிறதா என்று பாருங்கள். குறைவாக இருந்தால் முதலில் சார்ஜ் ஏற்றுங்கள்.

3. சார்ஜரைச் செருகி, கேமைத் தொடங்கி, பூஸ்டரின் செட்டிங்ஸில் இந்த வசதியை ஆன் செய்யுங்கள்.

4. பேட்டரி சதவீதத்தைக் குறித்துக்கொண்டு கால் மணி நேரம் ஆடுங்கள். எண் ஏறாமல் அப்படியே நின்றால் வேலை செய்கிறது. ஏறிக்கொண்டே போனால் சார்ஜரோ கேபிளோ பொருந்தவில்லை.

இந்த வசதி இல்லாத போன் வைத்திருப்பவர்கள் சார்ஜ் ஏற்றி, கழற்றி, பிறகு ஆடுவது ஒன்றே வழி. செட்டிங்ஸில் பேட்டரி பகுதியில் ‘பேட்டரி புரொடக்‌ஷன்’ இருந்தால் 80 சதவீதத்தில் நிற்கும்படி வைக்கலாம். நாள் முழுக்க சார்ஜரின் பக்கத்திலேயே இருப்பவர்களுக்கு ஏற்றது.

பாதுகாப்புக்காகச் சில வார்த்தைகள்:

- தலையணை, மெத்தை, போர்வை மேல் வைத்து சார்ஜ் ஏற்றாதீர்கள். சூடு வெளியேற வழியில்லை.
- நீண்ட நேரம் ஆடும்போது தடித்த கவரைக் கழற்றிவிடுங்கள்.
- சூடான போனை ஃபிரிட்ஜில் வைக்காதீர்கள். உள்ளே ஈரம் படியும். மின்விசிறிக்குக் கீழே, கேமை மூடிவிட்டு வைத்தாலே போதும்.
- பின்மூடி லேசாக எழும்பியிருந்தால், திரை ஓரத்தில் இடைவெளி தெரிந்தால், பேட்டரி உப்பியிருக்கிறது என்று அர்த்தம். அன்றே அணைத்து சர்வீஸ் சென்டருக்குக் கொண்டுபோங்கள். அழுத்திப் பார்ப்பதும் ஊசியால் குத்துவதும் தீப்பிடிக்க வைக்கும்.

பணம் போகும் வழிகளை அடைப்பது

கேமிங் ஹப் காசு வாங்காது. அது திறந்துவைக்கும் கேம்கள் வாங்கும். பிஜிஎம்ஐயில் யூசி, ஃப்ரீ ஃபயரில் டயமண்ட் என்று ரூபாய் வேறு பெயருக்கு மாறியபின், எவ்வளவு போகிறது என்பது ஆடுபவருக்கு உறைப்பதில்லை.

1. பிளே ஸ்டோரில் உங்கள் படத்தைத் தட்டி செட்டிங்ஸ் போங்கள். வாங்குவதற்குமுன் சரிபார்க்கும் தேர்வை ‘எல்லா முறையும்’ என்று வையுங்கள்.

2. அந்தச் சரிபார்ப்புக்கு உங்கள் விரல் ரேகை மட்டும் போதுமா என்று பாருங்கள். பிள்ளையின் ரேகையையும் அதே போனில் பதிந்திருந்தால் பூட்டுப் போட்டுச் சாவியையும் அதிலேயே விட்ட கணக்கு.

3. பேமென்ட்ஸ் பகுதியில் மாத பட்ஜெட் ஒன்றை எழுதி வைக்கலாம். ஆனால் அது எச்சரிக்கை மட்டுமே தரும். வரம்பு தாண்டினாலும் வாங்குவதைத் தடுக்காது. இதை நம்பி முதல் படியை விட்டுவிடாதீர்கள்.

4. சேமித்து வைத்த கார்டை நீக்குங்கள். வேண்டுமென்றால் சிறிய தொகைக்கு கூகுள் பிளே கிஃப்ட் கார்டு வாங்கி ஏற்றிக்கொள்ளுங்கள். தீர்ந்தால் தீர்ந்தது.

5. கேலக்ஸி ஸ்டோருக்கும் போய் அதே சோதனையைச் செய்யுங்கள். அது தனிக் கடை, தனிக் கணக்கு. பிளே ஸ்டோரில் போட்ட பூட்டு அங்கே செல்லாது.

பெற்றோர்கள் கூகுள் ஃபேமிலி லிங்க் வைத்திருந்தால், பிள்ளை வாங்க முயலும்போது உங்கள் ஒப்புதல் கேட்கும். ஆனால் கூகுள் பிளேயின் கட்டண முறை வழியாக நடக்கும் வாங்குதல்களுக்கு மட்டும்தான் அந்த ஒப்புதல் பொருந்தும். வெளி இணையதளத்தில் யூபிஐ மூலம் செய்யும் டாப்-அப் அதன் கண்ணில் படாது. ஆகவே யூபிஐ பின் எண்ணைப் பிள்ளைகளிடம் சொல்லாமலிருப்பதே கடைசி அரண். கடைக்குப் பால் வாங்க அனுப்பும்போது சொல்லிக்கொடுத்த எண்தான் பல வீடுகளில் டயமண்டுக்கும் போகிறது. அப்படிச் சொல்லியிருந்தால் இன்றே மாற்றுங்கள்.

மாதச் சந்தா எடுத்த கேமை நீக்கினால் சந்தா நிற்காது. பிளே ஸ்டோரின் சப்ஸ்கிரிப்ஷன் பகுதியிலும், யூபிஐ செயலியின் ஆட்டோபே பகுதியிலும் போய் ரத்துசெய்ய வேண்டும். 15,000 ரூபாய் வரையிலான தொடர் கட்டணங்கள் ஒவ்வொரு முறையும் ஓடிபி கேட்காமலே போகலாம் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. 24 மணி நேரத்துக்கு முன் ஒரு அறிவிப்பு வரும். அந்த எஸ்எம்எஸ்ஸைத் தவறவிடாதீர்கள்.

காசு கட்டி ஆடி, காசு வெல்லும் ரம்மி வகை ஆட்டங்கள் இந்த நூலின் எல்லைக்கு வெளியே. 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய ஆன்லைன் விளையாட்டுச் சட்டம் அவற்றைத் தடை செய்கிறது. விளம்பரம் வந்தாலும் தொடாதீர்கள்.

டேட்டா

ஆன்லைனில் ஆடுவது டேட்டாவை அதிகம் தின்பதில்லை. தின்பது பதிவிறக்கமும் அப்டேட்டும். கென்ஷின் இம்பாக்ட் போன்ற கேம் 20 ஜிபிக்குமேல் இடம் கேட்கும், தினம் 1.5 ஜிபி பேக்கில் அதை இறக்க நினைப்பது வீண். பிளே ஸ்டோர், கேலக்ஸி ஸ்டோர் இரண்டிலும் தானியங்கி அப்டேட்டை ‘வைஃபையில் மட்டும்’ என்று வையுங்கள். கேமுக்குள்ளேயே இறங்கும் கூடுதல் மேப், ஸ்கின் தொகுப்புகளில் நீங்கள் ஆடாதவற்றை அழித்துவிடுங்கள்.

நேர வரம்பு

செட்டிங்ஸில் ‘டிஜிட்டல் வெல்பீயிங்’ போய் ஆப் டைமரில் ஒவ்வொரு கேமுக்கும் தினசரி நேரம் வையுங்கள். நேரம் முடிந்தால் கேம் மூடிக்கொள்ளும். பிள்ளைக்கு வைக்கும்போது அவர்களோடு உட்கார்ந்து, ஒரு ஆட்டம் முடிய எவ்வளவு நேரம் ஆகும் என்று கேட்டு வையுங்கள். பிஜிஎம்ஐயில் ஒரு முழு ஆட்டம் அரை மணி நேரம் வரை போகும். பாதியில் மூடிக்கொள்ளும் வரம்பு சண்டையில்தான் முடியும்.

ஏதாவது தவறிவிட்டால்

- நேற்றுவரை நன்றாக ஓடிய கேம் இன்று திக்குகிறது: முதலில் போனைத் தொட்டுப் பாருங்கள். சூடு இருந்தால் கால் மணி நேரம் விடுங்கள். சூடு இல்லையென்றால் பேட்டரி சேவர் ஆனில் இருக்கிறதா, ஸ்டோரேஜ் நிரம்பிவிட்டதா என்று பாருங்கள்.
- ஆட்டத்தில் எதிராளி தாவித் தாவி நகர்கிறான்: அது நெட்வொர்க் சிக்கல். பூஸ்டர் இதைத் தீர்க்காது. வைஃபை ரவுட்டருக்கு அருகே போங்கள், அல்லது மொபைல் டேட்டாவுக்கு மாறிப் பாருங்கள்.
- தெரியாமல் ஏதோ வாங்கிவிட்டோம்: பிளே ஸ்டோரில் வாங்கியது என்றால் 48 மணி நேரத்துக்குள் ரீஃபண்ட் கேளுங்கள். உங்களுக்குத் தெரியாமல் வேறு யாரோ வாங்கியிருந்தால் 120 நாளுக்குள் கூகுளிடம் புகார் செய்யலாம். கேலக்ஸி ஸ்டோரில் வாங்கியதைச் சாம்சங்கிடம்தான் கேட்க வேண்டும்.
- ‘இலவச யூசி’, ‘அன்லிமிடெட் டயமண்ட்’ என்று வந்த லிங்கைத் தட்டிப் பணம் போய்விட்டது: 1930-க்கு உடனே அழையுங்கள். தேசிய சைபர் குற்ற உதவி எண் அது. பிறகு வங்கிக்குச் சொல்லி, அந்த லிங்க் வழியாக இறங்கிய செயலியை நீக்கி, கூகுள் கணக்கின் கடவுச்சொல்லை வேறொரு போனிலிருந்து மாற்றுங்கள். எஸ்எம்எஸ்ஸையும் பணம் போன ஸ்கிரீன்ஷாட்டையும் அழிக்காதீர்கள். புகாரோடு அவற்றைக் கேட்பார்கள்.